அப்பாவின் அறுபது வேலைகள்

பட்டாணி ஷூவை மாட்டிக்கொண்டு நாடாவை முடிந்தாள். அப்பா கைதட்டினார்.

"அடடே! யார் இந்தச் சமத்துப் பொண்ணு? தானாவே ஷூ போட்டுக்கிட்டாளே!"

பட்டாணி நிமிர்ந்து பார்த்தாள். அவளுக்குப் பத்து வயது. பிறந்தபோது உருண்டையாக இருந்தாளாம், அதனால் வந்த பெயர் பட்டாணி. இப்போது ஐந்தாம் வகுப்பில் அவள்தான் உயரம். நாடா முடியக் கற்றுக்கொண்டு நான்கு வருடம் ஆகிவிட்டது.

"நான் தினமும்தான் போட்டுக்கறேன், அப்பா."

"தெரியும்டா. ரொம்ப நல்லா போட்டுக்கிட்ட."

இன்னும் இரண்டு தட்டு தட்டினார். பிறகு காதில் செருகியிருந்த பென்சிலை எடுத்து, பழுப்பு அட்டை போட்ட ஒரு புத்தகத்தில் டிக் அடித்தார்.

அப்பா கப்பலில் என்ஜின் மெக்கானிக்காக இருந்தவர். வருடத்தில் பதினோரு மாதம் கடலில் இருப்பார். ஒரு மாதம் வீட்டுக்கு வருவார், விருந்தாளி மாதிரி. பட்டாணி அவரிடம் பழகி முடிப்பதற்குள் பெட்டியைக் கட்டிவிடுவார். இந்த முறைதான் ஒரேயடியாக வந்துவிட்டார். துறைமுகப் பட்டறையில் வேலை கிடைத்திருக்கிறது. அது அடுத்த மாதம்தான் ஆரம்பம். அம்மா நகரப் பேருந்து ஓட்டுகிறாள். அவள் வேலைக்குப் போன பிறகு வீட்டில் அப்பாவும் பட்டாணியும்தான்.

திங்கட்கிழமை அப்பா அவளுடைய முட்டையைப் பதினாறு துண்டாக வெட்டிக் கொடுத்தார். செவ்வாய்க்கிழமை அவள் தண்ணீர் குடித்ததற்குக் கைதட்டினார். புதன்கிழமை ஜோக் சொன்னார்.

"வாத்து ஏன் செருப்பு போடறதில்ல, தெரியுமா?"

"தெரியலையே."

"அதோட சைஸ் கடையில கிடைக்கலயாம்!"

பட்டாணி மரியாதைக்குச் சிரித்தாள். அப்பா மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.

"வாத்து ஏன் செருப்பு போடறதில்ல, தெரியுமா?"

"இப்பத்தானே சொன்னீங்க!"

"மூணு தடவை சொல்லணும்" என்றார் அப்பா. மூன்றாவது தடவையும் சொன்னார். நட்டு முடுக்குகிறவரின் முகம்தான் அப்போது அவருக்கு.

பட்டாணி நேராக அம்மாவிடம் போனாள். அம்மா யூனிஃபார்மை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"அம்மா, அப்பாவுக்கு என்ன ஆச்சு? என்னைக் கைக்குழந்தை மாதிரி நடத்தறார்."

"கப்பல்லேருந்து இறங்கினா கொஞ்ச நாளைக்குத் தரையே ஆடற மாதிரி இருக்குமாம். சரியாயிடும், விடு."

சரியாகவில்லை. வெள்ளிக்கிழமை மாலை, ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டே அப்பா சொன்னார்:

"திங்கட்கிழமை முப்பத்தொண்ணு."

"எது முப்பத்தொண்ணு?"

"உன்னை நான்தான் ஸ்கூல்ல கொண்டுபோய் விடப் போறேன். கையைப் பிடிச்சுக்கிட்டு கிளாஸ் வாசல் வரைக்கும் வருவேன். டீச்சர்கிட்ட உன்னைப் பத்திரமா ஒப்படைப்பேன். அப்புறம் நீ அழுகையை நிறுத்தற வரைக்கும் ஜன்னல் வழியா கையாட்டிக்கிட்டே இருப்பேன்."

"நான் எதுக்கு அழறேன்?"

"அழலைன்னா ரொம்ப நல்லது. கொஞ்ச நேரம் ஆட்டினா போதும்."

பட்டாணி கடித்த ரொட்டியைத் தட்டில் வைத்தாள். போன மாதம் ஒருத்தியின் அம்மா வகுப்புக்குள் வந்து அவள் மூக்கைத் துடைத்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து அவள் பெயர் 'கைக்குட்டை'. அவளுடைய உண்மையான பெயர் டீச்சருக்கே மறந்துவிட்டது. ஒரு மூக்குக்கே இந்தக் கதி என்றால், ஜன்னலில் கையாட்டும் அப்பாவுக்கு என்ன பெயர் வைப்பார்கள்?

'வர வேண்டாம்' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆனால் அப்பா அதற்குள் தன் வெள்ளைச் சட்டையை எடுத்து ஆணியில் மாட்டிவிட்டு, ஷூவுக்குப் பாலிஷ் போட உட்கார்ந்துவிட்டார், ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டு. பட்டாணி பாலிஷ் டப்பாவின் மூடியைத் திறந்து கொடுத்தாள்.

சனிக்கிழமை காலை அப்பா பல்பு வாங்கப் போனார். புத்தகம் மேஜைமேல் இருந்தது. பட்டாணி அதைத் திறந்தாள்.

'அப்பாக்களுக்கு அறுபது வேலைகள். மூன்று முதல் ஐந்து வயது வரையுள்ள குழந்தைகளுக்கு' என்று முதல் பக்கத்தில் அச்சிட்டிருந்தது.

"அட, புத்தகமே தப்பா!" என்றாள் சத்தமாக. அப்பாடா என்றிருந்தது. சொன்னால் தீர்ந்தது.

பக்கங்களைப் புரட்டினாள். ஓரமெல்லாம் சுருண்டிருந்தது. அங்கங்கே என்ஜின் எண்ணெய்க் கறை. ஒவ்வொரு வேலைக்கும் கீழே பென்சிலில் ஒரே வரிதான்: 'வீட்டுக்குப் போனதும்.' சில இடங்களில் எழுத்து கோணல்மாணலாக ஓடியது. கப்பல் ஆடியபோது எழுதியது போலும். முப்பத்தொன்றின் கீழே மட்டும் இரண்டு வரி: 'வீட்டுக்குப் போனதும். கையை விடவே கூடாது.'

பட்டாணி அந்த வரியை இரண்டு முறை படித்தாள்.

அப்பா பல்போடு உள்ளே வந்தார். அவள் கையில் புத்தகத்தைப் பார்த்தார்.

"அப்பா, எனக்குப் பத்து வயசு."

"தெரியுமே."

"இது மூணு வயசுப் புத்தகம்."

"அதுவும் தெரியும்."

"தெரிஞ்சேவா கைதட்டினீங்க!"

அப்பா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"என்ஜின் ரூம்ல ஒரு சட்டம் உண்டு, பட்டாணி. ஒரு சர்வீஸ் விட்டுப்போச்சுன்னா, முதல்ல அதை முடிக்கணும். அப்புறம்தான் அடுத்தது. நடுவுல தாவக் கூடாது. பத்து வயசுப் புத்தகமும் வாங்கி வெச்சிருக்கேன். ஆனா உனக்கு அந்த வயசு இருந்தப்போ இந்த அறுபதுல ஒண்ணுகூட நான் செய்யலையே. இதை முடிக்காம அதை எப்படித் தொடறது?"

எண்ணெய் எவ்வளவு இருக்கிறது என்று சொல்கிற குரலில்தான் சொன்னார். ஆனால் பல்பை மேஜையில் வைக்காமல் கையிலேயே உருட்டிக்கொண்டிருந்தார்.

சட்டம் தப்பு என்று சொல்ல முடியாது. பட்டாணி யோசித்தாள். பேருந்துப் பணிமனையில் முந்தைய ஷிஃப்ட் ஓட்டுநரிடமிருந்து அம்மா வண்டியை வாங்கும்போது என்ன செய்வாள் என்று அவளுக்குத் தெரியும்.

"அப்பா, கப்பல்ல நீங்க தூங்கும்போது என்ஜினை யார் பார்த்துப்பாங்க?"

"அடுத்த ஷிஃப்ட் ஆளு."

"அவர் எண்ணெய் மாத்திட்டார்னா, நீங்க எழுந்து வந்து திரும்ப மாத்துவீங்களா?"

"எனக்கென்ன பைத்தியமா? நோட்டுல அவர் கையெழுத்து இருக்கும். பார்த்துட்டு அடுத்த வேலைக்குப் போயிடுவேன்."

"இந்த நோட்டுல கையெழுத்து இல்ல. அவ்வளவுதான் விஷயம். அம்மா! கொஞ்சம் வாயேன்!"

அம்மா ஈரக் கையோடு வந்தாள்.

"எனக்கு ஷூ நாடா கட்டக் கத்துக்கொடுத்தது யாரு?"

"நான்தான். ஒன்பது நாள் ஆச்சு. எட்டாம் நாள் நானே அழுதுட்டேன்."

"இங்க கையெழுத்துப் போடு."

அம்மா கையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். பல் தேய்க்க, அம்மா. பொத்தான் போட, அம்மா. கத்தரிக்கோல் பிடிக்க, மாடி வீட்டுத் தையல்கார அக்கா.

"அவங்க கையெழுத்துக்கு எங்க போறது?" என்றார் அப்பா.

"அந்த ஷிஃப்டுக்கு நான்தான் இன்சார்ஜ். போடறேன்" என்றாள் அம்மா. "அந்தக் கத்தரிக்கோலாலதான் இவ தலைமுடியை ஒரு பக்கம் மட்டும் வெட்டிக்கிட்டா."

"எனக்குச் சொல்லவே இல்லையே!"

"அந்த வருஷம் அனுப்பின போட்டோவை எல்லாம் பாருங்க. எல்லாத்துலயும் தொப்பி போட்டிருப்பா."

"நான் குளிர்னு நினைச்சேன்! அங்கேருந்து கம்பளிச் சட்டை வேற வாங்கி அனுப்பினேனே!"

மூன்று பேரும் சிரித்தார்கள். இந்த ஜோக்கை யாரும் மூன்று தடவை சொல்ல வேண்டியிருக்கவில்லை.

முப்பத்தொன்று வந்தது.

"முதல் நாள் ஸ்கூலுக்கு என் பஸ்லயே கூட்டிட்டுப் போனேன்" என்றாள் அம்மா. "ஸ்டாப் இல்லாத இடத்துல நிறுத்தி இறக்கிவிட்டேன்."

"அழுதாளா?"

"இவளா? திரும்பிக்கூடப் பார்க்கல. முன் சீட்டுல இருந்த போலீஸ்காரர்தான் கண்ணைத் துடைச்சுக்கிட்டார்."

அம்மா கையெழுத்துப் போட்டாள். அப்பா அதன்மேல் விரலை ஓட்டிப் பார்த்தார்.

"சரி. முடிஞ்சுது" என்றார். எழுந்துபோய், மாட்டியிருந்த வெள்ளைச் சட்டையை எடுத்து மடிக்கத் தொடங்கினார்.

பட்டாணி நினைத்தது நடந்துவிட்டது. திங்கட்கிழமை அப்பா வரமாட்டார். குதிக்க வேண்டியதுதான். ஆனால் அப்பா அந்தச் சட்டையின் கையை ஒருமுறை மடித்து, பிரித்து, மறுபடி மடித்துக்கொண்டிருந்தார்.

அவள் மளமளவென்று மிச்சப் பக்கங்களைப் புரட்டினாள். கையெழுத்து, கையெழுத்து, கையெழுத்து...

"இருங்க! நாப்பத்தாறு காலியா இருக்கு."

"என்னது அது?"

பட்டாணி படித்தாள்: "'குழந்தையுடன் ஓட்டப் பந்தயம் வைக்கவும். வேண்டுமென்றே தோற்கவும்.'"

"அது நான் செய்யல" என்றாள் அம்மா. "நாளெல்லாம் ஸ்டியரிங் பிடிச்சவளுக்கு ஓட்டம் ஒண்ணுதான் குறைச்சல். அதோட, தோக்கறது எனக்குப் பிடிக்காது."

"அப்போ இது அப்பா ஷிஃப்ட்" என்றாள் பட்டாணி. "திங்கட்கிழமை காலைல. நம்ம வீட்டு வாசல்லேருந்து ஸ்கூல் கேட் வரைக்கும். கேட்டோட சரி. பையை நீங்க தூக்கிக்கலாம்."

அப்பா சட்டையைத் திரும்ப ஆணியில் மாட்டினார்.

திங்கட்கிழமை காலை அம்மா வாசலில் நின்று "ஒண்ணு, ரெண்டு, மூணு!" என்று எண்ணினாள். அப்பா முதலில் மெதுவாகத்தான் ஓடினார். குழந்தைக்கு விட்டுக்கொடுக்க வேண்டுமே! பேப்பர் கடையைத் தாண்டும்போது பட்டாணி பத்தடி முன்னால் இருந்தாள். அப்பா வேகத்தைக் கூட்டினார். சலூனைத் தாண்டும்போது இருபது அடி. முடிவெட்டுகிறவர் சீப்போடு வெளியே வந்து வேடிக்கை பார்த்தார். கப்பலில் அப்பா ஏணி ஏறியிருக்கிறார், இறங்கியிருக்கிறார். ஓடுவதற்கு அங்கே தெரு ஏது?

பள்ளி கேட்டில் வகுப்பே நின்றிருந்தது.

"பட்டாணி, விடாதே! வராரு, வராரு!" என்று கத்தினாள் கைக்குட்டை.

பட்டாணி கேட்டைத் தொட்டாள். திரும்பிப் பார்த்தாள். அப்பா தெருமுனையில்தான் வந்துகொண்டிருந்தார். சட்டை வெளியே வந்துவிட்டது. பை முன்பக்கம் தொங்கியது. வந்து சேர்ந்ததும் நடைபாதை ஓரத்திலேயே தொப்பென்று உட்கார்ந்துவிட்டார்.

"அங்கிள், தண்ணி வேணுமா?" என்று கைக்குட்டை பாட்டிலை நீட்டினாள். "பட்டாணி, உங்க அப்பா நாளைக்கும் வருவாரா?"

"கேட்டுச் சொல்றேன்" என்றாள் பட்டாணி.

அப்பா பாட்டிலைக் காலி செய்தார். மூச்சு வாங்க, பையிலிருந்து புத்தகத்தை எடுத்து நாற்பத்தாறைப் பிரித்தார். 'வேண்டுமென்றே' என்ற சொல்லை மட்டும் பென்சிலால் அடித்துவிட்டு, கீழே கையெழுத்துப் போட்டார்.