மாப்பிள்ளை ஏறாத கப்பல்

சூப்பர்வைசருக்கு வயது பதினொன்று. சம்பளம் கிடையாது, வேலை மட்டும் ஏராளம். தம்பி ஷூ லேஸ் கட்டினால், "இன்னும் நல்லா இழுத்துக் கட்டுடா!" என்பாள். அம்மா துணி காயப்போட்டால், "க்ளிப் போடலையாம்மா? காத்து அடிக்குதே!" என்பாள். எல்லாரையும் இப்படி விரட்டிக்கொண்டே இருந்ததால் அப்பா வைத்த பட்டம் அது. அவளுக்கும் அதில் ரொம்பப் பெருமை.

தம்பிக்கு மிளகு என்று பெயர். வயது ஏழு. ஆள் சின்னது, காரம் பெரிசு.

அப்பாவுக்கு, வீடு மாறுகிறவர்களின் சாமான்களைக் கட்டி லாரியில் ஏற்றும் வேலை. கனமானது கீழே, லேசானது மேலே, இண்டு இடுக்கில் தலையணை. சூப்பர்வைசருக்கு இதெல்லாம் மனப்பாடம். விடுமுறை நாட்களில் அப்பாவோடு போய் வேடிக்கை பார்த்திருக்கிறாள்.

அப்பாவிடம் இன்னொரு பழக்கமும் உண்டு. லாரிக் கதவைச் சாத்துவதற்கு முன்னால், அந்த வீட்டிலேயே வயதில் சின்ன ஆளைக் கூப்பிட்டு, "ஏதாவது விட்டுப்போச்சாப்பா?" என்று கேட்பார். பெரியவர்கள் பீரோவை மறக்க மாட்டார்கள். ஆனால் சின்னவர்கள் எதை எங்கே ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்று பெரியவர்களுக்கு எங்கே தெரியும்? ஒரு வீட்டில் அப்படிக் கேட்டதால்தான், குளியலறை வாளிக்குள் இருந்த ஓர் ஆமை பிழைத்தது.

சரி, இப்போது கதைக்கு வருவோம்.

அக்காவும் தம்பியும் விளையாடும் வீடியோ கேமுக்கு 'குட்டித் தீவு' என்று பெயர். முதலில் வெறும் மணல்தான் இருக்கும். ஒரு கூடாரமும் ஒரு வாளியும் கொடுப்பார்கள். அதை வைத்துக்கொண்டு மரம் நட்டு, வீடு கட்டி, ஆடு மாடு வளர்த்து, தீவை நீங்களே உருவாக்க வேண்டும். இருவரும் சேர்ந்து இரண்டு வருடமாக ஒரு தீவை வளர்த்திருந்தார்கள். காற்றாலை, பழத்தோட்டம், நீரூற்று, தங்க மணிக்கூண்டு எல்லாம் அக்கா கட்டியவை. தம்பிக்கு அங்கே இருந்தது ஒன்றே ஒன்றுதான். ஒரு கழுதை.

அந்தக் கழுதை ஒரு வேலையும் செய்யாது. மூட்டை தூக்காது, வண்டி இழுக்காது. நாள் முழுக்க ஒரு மரத்தடியில் உட்கார்ந்திருக்கும். கேரட் கொடுத்தால் தின்றுவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். ஒருநாள் அம்மா டிவியை எட்டிப் பார்த்துவிட்டு, "அடடா, உட்கார்ந்த இடத்துலயே எல்லாம் வரணுமா? மாப்பிள்ளை மாதிரியில்ல இருக்கு!" என்று சிரித்தார். அன்றிலிருந்து அதற்கு மாப்பிள்ளை என்றே பெயர் ஆகிவிட்டது.

தினமும் பள்ளிக்கூடம் கிளம்பும்போது மிளகு ஒரு நிமிடம் டிவியைப் போடுவான். மாப்பிள்ளைக்கு ஒரு கேரட் கொடுப்பான். "போயிட்டு வரேன் மாப்பிள்ளை" என்பான். அது முகத்தைத் திருப்பிக்கொள்ளும். அவனும் சந்தோஷமாகப் போவான்.

இந்த நேரத்தில்தான் சித்தப்பா, 'குட்டித் தீவு'வின் இரண்டாம் பாகத்தை வாங்கி அனுப்பினார்.

இரண்டாம் பாகத்தில் மழை பெய்யுமாம், மலை ஏறலாமாம், நீருக்குள் போகலாமாம். அதோடு ஒரு பெரிய வசதி. பழைய தீவில் இருப்பதை எல்லாம் ஒரு கப்பலில் ஏற்றி, புதுத் தீவுக்குக் கொண்டுவரலாம். ஆனால் கப்பலில் இருக்கிற இடத்துக்குள்தான் ஏற்ற முடியும். கப்பல் கிளம்பிவிட்டால் பழைய தீவு அழிந்துவிடும். திரும்பிப் போகவே முடியாது.

அன்று மிளகுக்குப் பல் பிடுங்குகிற நாள். அம்மா அவனைப் பல் டாக்டரிடம் இழுத்துக்கொண்டு கிளம்பினார். வாசலில் நின்று மிளகு விரலை நீட்டினான்.

"நான் வந்தப்புறம்தான் கப்பல்ல ஏத்தணும். சத்தியம்?"

"சத்தியம்டா. போய்ப் பல்லைக் குடுத்துட்டு வா."

கதவு சாத்தியதும் சூப்பர்வைசர் கொஞ்ச நேரம் சும்மாதான் இருந்தாள். நகத்தைக் கடித்தாள். தண்ணீர் குடித்தாள். பிறகு, 'சும்மா கப்பல் எப்படி இருக்குன்னு மட்டும் பார்ப்போம்' என்று கன்ட்ரோலரைக் கையில் எடுத்தாள்.

பார்த்தால் கை சும்மா இருக்குமா? காற்றாலையை ஏற்றினாள். மணிக்கூண்டை அதன் பக்கத்தில் நிறுத்தினாள். பழமரங்களை வரிசையாக அடுக்கினாள். கனமானது கீழே, லேசானது மேலே! அப்பா பார்த்திருந்தால் அசந்துபோயிருப்பார். கடைசியில் ஒரே ஓர் இடம் மிச்சம் இருந்தது. மாப்பிள்ளையா, நீரூற்றா?

'கழுதை என்னத்துக்கு? அங்கே போய் இதைவிட நல்ல கழுதையா வாங்கிக்கலாம்.'

நீரூற்றை ஏற்றினாள். 'நிச்சயமாகக் கிளம்பலாமா?' என்று திரை கேட்டது. ஆமாம் என்று அமுக்கினாள். 'பழைய தீவு அழிந்துவிடும். பரவாயில்லையா?' என்று மறுபடி கேட்டது. படிக்கக்கூட இல்லை, ஆமாம் என்று அமுக்கினாள்.

கப்பல் கிளம்பியது. கரை சிறிதாகிக்கொண்டே போனது. மரத்தடியில் ஒரு சாம்பல் புள்ளி உட்கார்ந்திருந்தது. அந்தப் புள்ளி, வழக்கமாக முகத்தைத் திருப்பிக்கொள்கிற அந்தக் கழுதை, கப்பலையே பார்த்துக்கொண்டிருந்தது.

'ஐயோ, மாப்பிள்ளை!' என்று கத்தினாள். அவசர அவசரமாக எல்லாப் பட்டனையும் அமுக்கினாள். ஒன்றும் நடக்கவில்லை. திரை வெள்ளையாகி, புதுத் தீவு வந்துவிட்டது.

சித்தப்பாவுக்கு போன் போட்டாள்.

"சித்தப்பா, பழைய தீவைத் திரும்பக் கொண்டுவர முடியுமா?"

"முடியாதேம்மா. அதுக்குத்தான் ரெண்டு தடவை கேக்குது. படிக்கலையா நீ?"

"படிக்கல" என்றாள் சின்னக் குரலில்.

கொஞ்ச நேரத்தில் மிளகு வந்துவிட்டான். ஒரு பக்கக் கன்னம் வீங்கி, வாய் நிறையப் பஞ்சு. ஒரு மணி நேரத்துக்கு வாயைத் திறக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். டிவியில் புதுத் தீவைப் பார்த்ததும் அவன் கண் விரிந்தது. அக்காவைப் பார்த்தான். சத்தியம் என்ன ஆயிற்று என்று கேட்கத்தான் நினைத்தான், வாயில் பஞ்சு. பிறகு இரண்டு கையையும் தலைக்கு மேல் காது மாதிரி வைத்து ஆட்டினான். மாப்பிள்ளை எங்கே?

"வரும்டா" என்றாள் அவள். வாய் தானாகச் சொல்லிவிட்டது. "அடுத்த கப்பல்ல வருது."

மிளகு தலையாட்டினான். கன்ட்ரோலரை வாங்கினான். மழையில் நனையவில்லை, மலை ஏறவில்லை. அவனுடைய குட்டி பொம்மை மனிதனை நேராகத் துறைமுகத்துக்கு நடத்திக்கொண்டு போய், கடலைப் பார்த்தபடி நிறுத்தினான். சாப்பிடக் கூப்பிடுகிறவரை அங்கேயே நிறுத்தியிருந்தான். பின்னால் உட்கார்ந்திருந்த சூப்பர்வைசரால் அதைப் பார்க்கவே முடியவில்லை. உண்மையைச் சொல்லலாம் என்று வாயைத் திறந்தாள். திறந்த வாயை மூடிக்கொண்டாள்.

அடுத்த நாள் காலை, அவன் குளிக்கப் போன நேரம் பார்த்து, புதுத் தீவின் சந்தையில் ஒரு சாம்பல் நிறக் கழுதையை வாங்கினாள். மாப்பிள்ளை என்றே பெயர் வைத்தாள். ஒரு மரத்தடியில் கொண்டுபோய் நிறுத்தினாள்.

"டேய், வந்தாச்சுடா!"

மிளகு ஈரத் தலையோடு ஓடி வந்தான். அவனைக் கண்டதும் கழுதை துள்ளிக் குதித்து வந்தது. கேரட்டைக் கொடுத்தான். தின்றுவிட்டு அவன் தோளில் தலையைத் தேய்த்தது.

மிளகு கன்ட்ரோலரைக் கீழே வைத்தான்.

"இது மாப்பிள்ளை இல்ல."

"பேரைப் பாருடா, மாப்பிள்ளைன்னு போட்டிருக்கு!"

"மாப்பிள்ளை இவ்ளோ மரியாதையா நடந்துக்காது" என்றான் அவன். "நிஜமான மாப்பிள்ளை எங்கக்கா?"

இனி எங்கே ஒளிவது? எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். நீரூற்றைச் சொன்னாள், படிக்காமல் அமுக்கியதைச் சொன்னாள், அடுத்த கப்பல் என்பது பொய் என்பதையும் சொன்னாள். கத்துவான், கிள்ளுவான், அம்மாவிடம் ஓடுவான் என்று எதிர்பார்த்தாள். அவன் ஒன்றும் செய்யவில்லை. மெதுவாக ஒன்றே ஒன்று கேட்டான்.

"போயிட்டு வரேன்னாவது சொன்னியா?"

 அவள் எங்கே சொன்னாள்!

மிளகு பையை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடம் கிளம்பிவிட்டான். அன்று யாருக்கும் போயிட்டு வரேன் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு அவன் அந்த கேமைத் தொடவே இல்லை. அக்கா விளையாடினால் எழுந்து அடுத்த அறைக்குப் போய்விடுவான். அவளுக்கும் விளையாடப் பிடிக்கவில்லை. நீரூற்றைப் பார்க்கும்போதெல்லாம் எரிச்சலாக வந்தது. ஒருநாள் சாயங்காலம் அப்பா வேலையிலிருந்து வந்து, சட்டையில் ஒட்டியிருந்த டேப்பைப் பிய்த்தபடி, "இன்னைக்கு ஒரு வாண்டு, தோட்டத்துல ஏதோ புதைச்சு வெச்சிருக்கேன்னு சொல்லி ஒரு மணி நேரம் தோண்ட வெச்சிட்டான்" என்று அம்மாவிடம் சொல்லிச் சிரித்தார். சூப்பர்வைசருக்குச் சிரிப்பு வரவில்லை. பெட்டி அடுக்குவதை மட்டும் அப்பாவிடமிருந்து ஒழுங்காகக் கற்றுக்கொண்டிருக்கிறாள். அந்த ஒரு கேள்வியை எப்படி மறந்தாள்?

மறுநாள் அவள் அலமாரியைக் குடைந்து, முதல் பாகத்தின் டிஸ்க்கைத் தேடி எடுத்தாள். போட்டாள். வெறும் மணல், ஒரு கூடாரம், ஒரு வாளி. கன்ட்ரோலரைக் கொண்டுபோய் மிளகின் மடியில் வைத்தாள்.

"முதல்லேர்ந்து ஆரம்பிக்கலாமாடா? நீதான் சூப்பர்வைசர். நான் வேலையாள்."

மிளகு அவளை ஏற இறங்கப் பார்த்தான்.

"மாப்பிள்ளை வருமா?"

வரும் என்று சொல்லிவிடலாம். நாக்கு நுனிவரை வந்தது.

"வராதுடா. அது போயிடுச்சு. என்னாலதான் போச்சு."

அவன் கன்ட்ரோலரைத் திருப்பி அவள் கையில் வைத்தான். பிறகு, "தண்ணி எடுத்துட்டு வா" என்றான். வேலையாள் வாளியைத் தூக்கிக்கொண்டு ஓடினாள்.

அட, மிளகு என்னமாய் வேலை வாங்கினான் தெரியுமா! "அங்க நடாதே, இங்க நடு." "யார் உன்னைக் காற்றாலை கட்டச் சொன்னது? கேரட்டு போடு." அவள் வாயைத் திறக்காமல் செய்தாள். தீவு முழுக்க கேரட்டாகிவிட்டது. முதல் பாகத்தில் கழுதையைக் கடையில் வாங்க முடியாது. கேரட் போட்டுவிட்டுக் காத்திருந்தால், அதற்கே தோன்றும்போது வரும். பல நாள் வரவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை, கரிய நிறத்தில் ஒன்று வந்தது. மரத்தடியில் உட்கார்ந்தது. கேரட்டைத் தின்றது. முகத்தைத் திருப்பிக்கொண்டு, கூடவே ஒரு தும்மலும் போட்டது.

அக்கா தம்பியின் முகத்தைப் பார்த்தாள். 

"இது மாப்பிள்ளை இல்ல" என்றான்.

"இல்லடா."

"மாப்பிள்ளையோட தம்பியா இருக்கும்." கொஞ்சம் யோசித்தான். "சின்ன மாப்பிள்ளை."

அடுத்து வந்த விடுமுறை முடிவதற்குள் இந்தத் தீவுக்கும் கப்பல் வந்து நின்றது. புதுத் தீவின் துறைமுகத்தில் எத்தனை கப்பல் வேண்டுமானாலும் வந்து சேரலாம். மிளகு சொல்லச் சொல்ல அவள் ஏற்றினாள். முதலில் சின்ன மாப்பிள்ளை. அப்புறம் அது உட்கார்ந்திருந்த மரம். மீதி இடம் முழுக்க கேரட். கப்பலின் கதவு மட்டும் திறந்திருந்தது. 'நிச்சயமாகக் கிளம்பலாமா?' என்று திரை கேட்டது. இந்தத் தடவை அவள் ஒவ்வோர் எழுத்தாகப் படித்தாள். பிறகு கன்ட்ரோலரை அவனிடம் நீட்டினாள்.

"ஏதாவது விட்டுப்போச்சாப்பா?"

அது அப்பாவின் குரலிலேயே வந்துவிட்டது. மிளகு சிரிக்கவில்லை. தன் பொம்மை மனிதனைக் கப்பலிலிருந்து இறக்கி, தீவை ஒரு சுற்றுச் சுற்றினான். மரம் இருந்த இடத்தில் இப்போது ஒரு குழிதான் இருந்தது. அங்கே நின்று, கை ஆட்டும் பட்டனை அமுக்கினான்.

"போயிட்டு வரேன் மாப்பிள்ளை" என்றான்.

"அதான் கப்பல்ல ஏறிடுச்சேடா?"

"அது சின்ன மாப்பிள்ளை. இது பழையதுக்கு. நீ அன்னைக்குச் சொல்லல இல்ல? இப்ப சொல்லு."

 கன்ட்ரோலரை வாங்கினாள். அவளுடைய பொம்மைப் பெண்ணும் இறங்கிப் போய், அந்தக் குழியின் பக்கத்தில் நின்றாள்.

"போயிட்டு வரேன் மாப்பிள்ளை" என்றாள். "மன்னிச்சுக்கோ."

பட்டனிலிருந்து விரலை எடுக்க அவளுக்கு மனசே வரவில்லை. ஆளில்லாத அந்தக் கரையைப் பார்த்துப் பொம்மைப் பெண் கையை ஆட்டிக்கொண்டே இருந்தாள். மிளகு பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

"போதும்க்கா" என்றான் கடைசியில். "அதுக்குக் கேட்டிருக்கும்."

அதற்கப்புறம்தான் சூப்பர்வைசர் கப்பலின் கதவைச் சாத்தினாள்.