தாலி கட்டும் காட்சி

வெட்டி எறிந்த ஆள் மறுபடியும் டி.வி.யில் நின்றார். மொய் எழுதும் இடத்துக்குப் பக்கத்தில், தோளில் துண்டோடு, நேராக வீரபத்திரனைப் பார்த்தபடி.

"அட, போங்கய்யா!" என்று அவன் ரிமோட்டைத் தூக்கிப் போட்டான். சென்னையில் ஆறு வருஷம் எடிட்டிங் அறையில் பிலிம் ஒட்டியவன். ஒரு படத்திலும் பேர் வரவில்லை. அருப்புக்கோட்டைக்கே திரும்பிக் கல்யாண கேசட் வெட்டுகிறான். இதிலாவது நிம்மதி உண்டா? பிலிமென்றால் வேண்டாத துண்டை உருவிவிட்டு ஒட்டிவிடலாம். வீடியோவில் ஒரு டெக்கில் ஓடவிட்டு இன்னொன்றில் பதிய வேண்டும். நடுவில் ஒரு ஷாட்டை எடுத்தால் அங்கிருந்து கடைசிவரை மறுபடி பதிய வேண்டும். காலையிலிருந்து இதே எழவுதான்.

கல்யாணம் அவன் தங்கச்சி ரேணுகாதேவியுடையது. தாலி ஏறிய மறுவாரமே அவள் மாமனார் ராமசுப்பு போய்ச் சேர்ந்தார். வந்தவள் ராசி என்று மாப்பிள்ளையின் ஊரான மல்லாங்கிணறே பேசியது. துக்கம் கழிந்து இன்று சாயங்காலம் சொந்தமெல்லாம் கூடிக் கேசட் பார்க்கப் போகிறது. மாப்பிள்ளை தங்கபாண்டி காலையிலேயே வந்து சொல்லிவிட்டுப் போனார்.

"மச்சான், அப்பா மொகம் ஒரு எடத்துலயும் வரக்கூடாது. பாத்தா அம்மா தாங்க மாட்டாக. உங்க தங்கச்சியப் பொறந்த வீட்டுக்கே அனுப்பிருவாக."

"வராது மாப்ள. நான் பாத்துக்கிறேன்."

ஜன்னலைப் போர்வையால் மூடிய அறையில் மதிய வெக்கையும், டெக்கின் சூட்டு வாடையும், தெருவெல்லாம் ஓடும் தறிகளின் சத்தமும் சேர்ந்து அவன் மண்டைக்குள் இடித்துக்கொண்டிருந்தன. மொய் ஷாட்டை எடுத்தான். ராமசுப்பு பந்தியில் வந்தார். பந்தியை எடுத்தான். மணமேடைப் படியில் வந்தார். ஒவ்வொரு தடவையும் ரேணுகாவுக்கு இன்னும் பக்கத்தில். அன்றைக்கு அவர் வாசலை விட்டு நகரவே இல்லை. வந்தவர்களைக் கும்பிட்டுக்கொண்டு நின்றதை வீரபத்திரன் கண்ணால் பார்த்திருக்கிறான்.

தாலி கட்டும் ஷாட். அவள் தலையில் கை வைத்தபடி பின்னால் நின்றார்.

இருப்பது இந்த ஒரு ஷாட்தான். தாலி இல்லாமல் கல்யாண கேசட்டா? அழுகையே வந்துவிட்டது. வேறு வழியில்லை. அதையும் எடுத்துவிட்டு, கெட்டிமேளம் அடிக்கும் கைகளை அந்த இடத்தில் வைத்துப் பதிந்தான்.

தறிச் சத்தம் நின்றிருந்தது.

முதலிலிருந்து ஓடவிட்டான். ராமசுப்பு இல்லை. பந்தியில் இல்லை. படியில் இல்லை. அப்பாடா.

வாசலில் தங்கபாண்டியின் குரல். "கேசட்டு ஆச்சா மச்சான்?"

"ஆச்சு. ரேணுகா வரலியா?"

"எனக்கு முன்னால உள்ள வந்துச்சே! உங்க ரூமுக்குத்தான வந்துச்சு?"

வீரபத்திரன் திரும்பினான். யாருமில்லை. கதவோரம் அவள் செருப்பு மட்டும்.

டி.வி. ஓடிக்கொண்டிருந்தது. மணமேடை. மாப்பிள்ளை. பக்கத்தில் ரேணுகாவின் மணையில் ஆள் இல்லை.

மாலை இருந்தது. கழுத்து உயரத்தில். மூச்சு வாங்குவதுபோல் ஏறி இறங்கியது.

அதற்குச் சற்று மேலே, தலை இருக்க வேண்டிய இடத்தில், வெறும் காற்றில், ராமசுப்புவின் கை. எதையோ அழுத்திப் பிடித்திருந்தது.