கனேலா யாரைப் பார்க்கிறது

ஸ்டோரிபோர்டின் நாற்பத்தொன்றாம் கட்டத்தில் கழுதைக்குட்டி கனேலாவின் கண்கள் நயேலி வரைந்த திசையில் பார்க்கவில்லை.

அவள் வரைந்தபோது கனேலா தன் முன்னாலிருந்த சோளக்கதிரைப் பார்த்துக்கொண்டிருந்தது. இப்போது கதிரை விட்டுவிட்டு, கட்டத்துக்கு வெளியே நிற்கும் யாரையோ பார்த்தது. கை தவறியிருக்கும் என்று கண்களை அழித்துவிட்டு மறுபடி வரைந்தாள்.

வெள்ளிக்கிழமை மதியம் மூன்று மணி. மெக்சிகோவின் குவாதலஹாரா நகரத்து ஜூலை மழை ஜன்னல் தகரத்தில் ஒரே சீராகத் தட்டிக்கொண்டிருக்க, அனிமேஷன் கூடத்தில் எல்லோரும் சாப்பிடக் கிளம்பிவிட்டிருந்தார்கள். கடைசியாக மரிக்ருஸ் குடையோடு வாசலில் நின்றாள்.

"வர்றியா இல்லையாடி? உன் கழுதை ஒண்ணும் ஓடிப்போயிடாது."

"நாலு மணிக்கு அனுப்பணும். நீ போ."

"திங்கக்கிழமை தலைவியம்மா ஆயிடுவே. அப்புறம் எங்களை எங்கே கண்டுக்கப்போறே!" சிரித்தவள், போகிற போக்கில் கேட்டாள்: "முதல் பக்கத்துல எலிஜியோ பேரைப் போட்டியா? பாதி அவர் வரைஞ்சதாச்சே."

"ஒரு பேர் போதும்னு டைரக்டர் சொல்லிட்டார்."

டைரக்டர் அப்படிச் சொல்லவில்லை. 'உன் மனசுக்குச் சரின்னு பட்டதைச் செய்' என்றுதான் சொல்லியிருந்தார்.

ஏழு வருடம் அடுத்தவர் ஸ்டோரிபோர்டைத் திருத்தியே காலம் தள்ளியவள் நயேலி. ஒரு முழுக்கதை அவள் பெயரில் மட்டும் போனால், தலைமை இடம் அவளுக்கு. ஈஸ்டர் வரை இதே நாற்காலியில் உட்கார்ந்து கனேலா கதையை வரைந்தவர் எலிஜியோ. கை நடுக்கம் முற்றிய நாளில், விரல்களில் கற்பூரத் தைலத்தைத் தேய்த்தபடி, "என் பாதியில கொஞ்சம் கட்டம்தாம்மா பாக்கி. கோடு மட்டும் நேராக்கிக் குடு, இன்னிக்கு ஒப்படைச்சுடுவேன்" என்று அவளிடம் கேட்டார். அவள் திரும்பாமலே காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். அன்று மாலையே அவரை வேலையிலிருந்து நிறுத்தி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். மே மாதம் இறந்துபோனார். அவர் ஆன்மாவுக்காக நடந்த ஒன்பது நாள் ஜெபமாலையில் ஒரு நாள்கூட அவள் போய் உட்காரவில்லை.

நாற்பத்தொன்று மறுபடி மாறியிருந்தது. நாற்பத்திரண்டும் அப்படியே. நாற்பத்துமூன்றும்.

தொழில் பழக்கம் விடவில்லை. பாத்திரம் எதைப் பார்க்கிறது என்று குழம்பினால், மேலிருந்து பார்ப்பதுபோல் ஒரு தரைப்படம் போட்டு, இரு கண்ணிலிருந்தும் கோடு இழுத்து, அவை எங்கே சேர்கின்றன என்று பார்ப்பார்கள். அவளும் ஒரு தாளில் கனேலாவை வைத்தாள். எதிரே கேமராவை வைத்தாள். காட்சியை வரைபவர் உட்காரும் இடமும் அதுதான். மூன்று கட்டங்களுக்கும் கோடுகளை இழுத்தாள்.

நாற்பத்தொன்றின் கோடு கேமராவைத் தாண்டிப் பத்தடி பின்னால் முடிந்தது. வாசல் அருகே. அடுத்தது ஆறடி.

மூன்றாவது, இரண்டடி.

ஈரத் துணியின் வாடை. அதனடியில் கற்பூரம்.

அவள் திரும்பவில்லை. திரையில் முதல் பக்கத்தைத் திறந்தாள். தன் பெயர். அதன் கீழே வெற்றிடம். அங்கே ஒரு பெயர் எழுத எவ்வளவு நேரமாகும்? ஒரு மூச்சு விடும் நேரம். மனசுக்குள் யாரோ மெல்லச் சொன்னார்கள்: எழுதிவிடு, பெண்ணே. கை நகர்ந்தது. 'எ' என்று எழுதியும் விட்டாள்.

கைபேசி அதிர்ந்தது. டைரக்டர். "அனுப்பிட்டியா?"

எழுத்தை அழித்தாள். அனுப்பினாள்.

மழை ஓசை நின்றது. ஜன்னலில் மட்டும் நீர் வழிந்துகொண்டிருந்தது.

திரையில் ஒரு புதுக் கட்டம் திறந்தது. அவள் வரையாதது.

அதில் கனேலா கண்களை இறுக மூடியிருந்தது. பார்க்கமாட்டேன் என்பதுபோல. அதற்கு முன்னால், மேசையில் குனிந்த ஒரு பெண்ணின் முதுகு. நயேலியின் மஞ்சள் சட்டை. கேமரா இப்போது அவளுக்குப் பின்னால் போயிருந்தது.

கட்டத்தின் கீழ் ஓரத்திலிருந்து ஒரு கை நீண்டிருந்தது. நனைந்த சட்டைக் கை. விரித்த விரல்கள்.

அவள் தோளுக்கு ஒரு விரற்கடை தூரத்தில்.