வெள்ளைத் துணியில் ஈரம்

கண்ணாடியை மூடியிருந்த வெள்ளைத் துணியில் ஈரம் இருந்தது. உள்ளங்கை அகலத்துக்கு, சரியாக ஒரு ஆளின் வாய் இருக்கும் உயரத்தில். மாடிப்படி ஏறி வந்த மூச்சிரைப்போடு முன்னறையில் நின்ற தோன்யா அதைத் தொட்டுப் பார்த்தாள். ஒழுகுகிற கூரை இல்லை. டிசம்பர் மாதம், வெளியே பனி கொட்டுகிறது, உள்ளே சூடேற்றும் குழாய்கள் இரவும் பகலும் தகிக்கின்றன. துவைத்துப் போட்ட துணி அரை நாளில் அப்பளமாகிவிடும் வீடு அது. ஈரம் துணியின் உள்பக்கத்திலிருந்துதான் ஊறி வந்திருந்தது.

நின்று யோசிக்க நேரமில்லை. கீழே தெருவில் சுற்றுலா பஸ் காத்துக்கொண்டிருந்தது. சற்று முன் அதில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் கோட்டுப் பையில் ஒற்றைக் கையுறை மட்டும் இருப்பதைப் பார்த்திருந்தாள். சிவப்புக் கம்பளி, இறந்துபோன அக்கா கிளாவா தன் கையால் பின்னியது. இன்றைக்கு அதைப் போட்டுக்கொள்ளாமல் போக மனசு கேட்கவில்லை. ஓட்டுநரைக் கெஞ்சிக் கூத்தாடித் திரும்பி மேலே ஓடி வந்திருந்தாள். மற்றொன்று முக்காலிக்கு அடியில் கிடந்தது.

அங்கேதான் பிடித்தது சனி. கிளம்பியவர்கள் பாதியில் வீட்டுக்குத் திரும்பினால், மறுபடி வாசல் தாண்டுமுன் கண்ணாடியில் முகம் பார்க்க வேண்டும். பார்க்காவிட்டால் போகிற காரியம் உருப்படாது. இது அந்த ஊரில் பச்சைக் குழந்தைக்கும் தெரியும். சாவு விழுந்த வீட்டில் நாற்பது நாள் கழியும்வரை கண்ணாடியைத் திறக்கக் கூடாது என்பதும் எல்லோருக்கும் தெரியும். இரண்டும் ஒரே வாசலில் வந்து மறித்துக்கொண்டு நின்றால் என்ன செய்வது என்று மட்டும் எந்த மகராசியும் சொல்லி வைக்கவில்லை. பஸ் ஹாரன் அடித்தது. ஒரு நொடிதானே என்று துணியின் ஓரத்தைத் தூக்கினாள். அவள் முகமேதான். வீங்கிய கண், நடுவகிடெடுத்து வாரிய நரைமுடி. அப்பாடா என்று துணியை விட்டுவிட்டு இறங்கி ஓடினாள்.

கிளாவா அவளோடு கூடப் பிறந்த இரட்டை. முந்திக்கொண்டு வந்தவள் என்பதால் அறுபது தாண்டியும் அக்கா அதிகாரம் குறையவில்லை. அச்சில் வார்த்த மாதிரி ஒரே முகம். சின்ன வயதில் ஊஞ்சல் பலகை பட்டுக் கிளாவாவின் புருவத்தில் விழுந்த வெட்டுத் தழும்பு ஒன்றுதான் வித்தியாசம். சோவியத் காலத்தில், எதற்கெடுத்தாலும் வரிசையில் நின்ற நாட்களில், அந்த முகம் பெரிய சௌகரியமாக இருந்தது. ரொட்டிக்கோ செருப்புக்கோ ஒருத்தி நிற்பாள். கால் வலித்தால் மற்றவள் வந்து நிற்பாள். முன்னால் பின்னால் நின்றவர்களுக்கு ஆள் மாறியதே தெரியாது. "என் இடத்துல கொஞ்ச நேரம் நில்லுடி, வந்துடறேன்" என்று போவாள் கிளாவா. சொன்னபடி வந்தும் விடுவாள்.

கிளாவா வாழ்நாளெல்லாம் ஒரு தையல் ஆலையில் வேலை பார்த்தாள். விண்வெளிக்குப் போகிறவர்களின் கையுறைக்கு உள்துணி தைப்பது அவள் வேலை. விரல் விரலாகத் தைத்து அனுப்புவாள், அது எங்கோ போய் எதனோடோ சேரும். முழு உடையை அவள் பார்த்ததே கிடையாது. கலூகா நகரைச் சுற்றிக் காட்டிவிட்டு விண்வெளி அருங்காட்சியகத்துக்கும் கூட்டிப்போகும் ஒருநாள் சுற்றுலா இருக்கிறதென்று கேள்விப்பட்டு, இருவரின் பிறந்தநாளுக்கு இரண்டு டிக்கெட் எடுத்து வைத்தாள். நவம்பரில் ஒரு காலை, தேநீர் ஊற்றப் போனவள் அடுப்படியிலேயே சரிந்து போய்விட்டாள்.

தோன்யா சுற்றுலாவுக்குப் போகிறாள் என்று கேட்டதும் எதிர்வீட்டு ஜினைதா தலையில் அடித்துக்கொண்டாள். "நாப்பது முடியட்டும்டி. உசுரு இன்னும் வீட்டத்தான் சுத்திக்கிட்டு இருக்கும். அவளத் தனியா விட்டுட்டா போற?"

"தனியா எங்க விடறேன்? கூட்டிட்டுத்தான் போறேன்" என்றாள் தோன்யா. வாய் தவறி வந்த பேச்சு இல்லை. அந்த உடையை அக்காவுக்காக ஒரு தடவை கண்ணாரப் பார்த்துவிட வேண்டும். பார்த்துவிட்டால் அவளும் நிம்மதியாகப் போய்ச் சேருவாள், தானும் அழுகையை நிறுத்தப் பார்க்கலாம். தோன்யா கேட்டது அவ்வளவுதான்.

பஸ் புறப்படுமுன் வழிகாட்டிப் பெண் லிலியா இருக்கை இருக்கையாகத் தலை எண்ணினாள். கடைசிவரை போய் உதட்டைக் கடித்துக்கொண்டு மறுபடி எண்ணினாள். கிளாவாவின் பெயரை அடித்துவிட்ட பட்டியலைவிட ஒரு ஆள் கூடுதலாக வருகிறதாம். பள்ளிக்கூடத்திலேயே தனக்குக் கணக்கு ஏறாது என்று அவளே சிரித்துச் சமாளித்துக்கொண்டாள்.

கிளாவாவுக்கென்று எடுத்த ஜன்னலோர இருக்கை காலியாகவே இருந்தது. பஸ் ஜன்னல்களெல்லாம் உறைபனி பிடித்து வெளுத்துக் கிடந்தன. வெளியே பார்க்க வேண்டுமென்றால் அவரவர் வாயால் ஊதி, உருகிய வட்டத்தின் வழியாகத்தான் பார்க்க வேண்டும். ஓகா ஆற்றைத் தாண்டும்போது தோன்யா திரும்பினாள். காலி இருக்கைக்கு நேராக, ஜன்னல் பனியில் காசளவுக்கு ஒரு வட்டம் உருகியிருந்தது.

அவளுக்குப் பயம் வரவில்லை. சத்தியமாகச் சொல்ல வேண்டுமானால் கண் நிறைந்து, எத்தனையோ நாளுக்குப் பிறகு ஒரு சந்தோஷம் வந்தது. "பாரு, நல்லா பாரு" என்று பக்கத்து இருக்கையிடம் முணுமுணுத்தாள்.

கலூகாவில் பள்ளத்தின் மேல் நிற்கும் கல்பாலத்தையும், பச்சைக் குவிமாடத் தேவாலயத்தையும், மரவீட்டுத் தெருக்களையும் காட்டினார்கள். ஊருக்குப் பேர்போன ரை தானிய மாவுப் பலகாரம் ஆளுக்கொரு துண்டு வந்தது. லிலியா தோன்யாவிடம் இரண்டு நீட்டினாள். ஏன் இரண்டு என்று கேட்டதற்கு அவளே குழம்பிப்போனாள். "உங்க கூட வந்தவங்களுக்கும் சேத்துத்தாம்மா. இப்ப இங்கதான நின்னாங்க?" தோன்யா வாங்கிக்கொண்டாள். ஒவ்வொரு நிறுத்தத்திலும் இறங்கிவிட்டுத் திரும்பி வந்து பார்க்கும்போது ஜன்னல் வட்டம் பெரிதாகிக்கொண்டே போனது. சாப்பாடு முடிந்து ஏறியபோது முகம் அகலத்துக்கு வந்திருந்தது.

தலை அரித்ததால் தொப்பியைக் கழற்றினாள். அப்போதுதான் அது உறைத்தது. காலையில் கையுறை எடுக்க ஓடியபோதும் இதே கம்பளித் தொப்பி, காதையும் நெற்றியையும் புருவத்தையும் மூடிக்கொண்டு, தலையில்தான் இருந்தது. அப்படியானால் கண்ணாடியில் வகிடெடுத்து நின்றது யார்?

தொப்பியை மறுபடி புருவம்வரை இழுத்து மாட்டிக்கொண்டாள். பக்கத்து இருக்கையைப் பார்க்க அவளுக்குத் துணிவு வரவில்லை.

அருங்காட்சியகத்தை அடையும்போதே பொழுது சாயத் தொடங்கிவிட்டது. வாசலில் பெரிய ராக்கெட் பனியில் நின்றது. உள்ளே கூடம் இருட்டாக இருந்தது, கூரையில் நட்சத்திரம் போலச் சின்னச் சின்ன விளக்குகள். தரை மெழுகு வாசம், நனைந்த கோட்டுகளின் ஆட்டுக்கம்பளி நெடி, எங்கோ ஒரு இயந்திரம் விட்டு விட்டு முனகும் ஓசை. லிலியா பேசிக்கொண்டே முன்னால் போனாள். விண்ணிலிருந்து தீயில் கருகித் திரும்பி வந்த இரும்புக் கூண்டு, பற்பசைக் குழாய் போன்ற உறைகளில் அடைத்த சூப்பு, எல்லாவற்றையும் தோன்யா பார்த்தும் பார்க்காமலும் கடந்தாள். கண்ணாடிப் பெட்டிகள் பக்கம் திரும்பவே இல்லை. அவற்றில் தன்னோடு கூடவே ஒரு வகிடு நகர்ந்து வருவது ஓரக்கண்ணுக்குத் தெரிந்தது.

கடைசிக் கூடத்தின் மூலையில் அந்த உடை நின்றது. சுற்றிலும் ஒரு கயிறு மட்டும். வெள்ளை உடம்பு, தடித்த கைகள், தலைக்கவசத்தில் பொன்முலாம் பூசிய முகக் கண்ணாடி. பக்கத்து நாற்காலியில் காவலுக்கு இருந்த கிழவி காலுறை பின்னிக்கொண்டிருந்தாள். மடியில் மடித்த வெள்ளைத் துணி. கூடம் மூடும்போது தூசு அண்டாமல் உடையின்மேல் போர்த்துவதற்காம். நாளைக்கு விடுமுறை என்பதால் இன்றைக்குச் சீக்கிரமே மூடிவிடுவார்கள் என்று சொல்லிவிட்டு, அடுத்த கூடத்தின் விளக்கை அணைக்க எழுந்து போனாள். கூட்டமும் லிலியாவின் பின்னால் நகர்ந்துவிட்டது.

தோன்யா மட்டும் நின்றாள். ஓடிவிடலாம் என்று கால் சொன்னது. இதற்காகத்தானே வந்தோம் என்று மனசு சொன்னது. உடையின் கையுறையைப் பார்த்தாள். விரல் விரலாக. அக்கா குனிந்து குனிந்து தைத்த விரல்கள். அழுகை பொத்துக்கொண்டு வந்தது.

"பாத்தியாடி கிளாவா. இதாண்டி நீ தச்சது."

பொன் கண்ணாடியில் கூடம் முழுவதும் குட்டியாக வளைந்து தெரிந்தது. நடுவில் ஒரு முகம். தொப்பி இல்லை. புருவத்தில் வெட்டு.

தோன்யா ஒரு கையுறையை உருவி, தொப்பிக்கு அடியில் தன் புருவத்தைத் தடவினாள். வழவழவென்று இருந்தது.

கண்ணாடி உள்ளிருந்து வேர்த்தது. வாய் உயரத்தில் ஒரு வட்டம். மங்கியது. தெளிந்தது. மறுபடி மங்கியது.

"குளிருதுடி, தோன்யா."

அதே குரல். மூடி போட்ட பாத்திரத்துக்குள்ளிருந்து வருவது போல. இத்தனை நாளாகக் கேட்கத் தவித்த குரல். பயம் ஒரு பக்கம் ஈரக்குலையைப் பிடித்து உலுக்கியது. பாசம் அதற்கு முன்னால் முந்திக்கொண்டது. ஐயோ, என் அக்காவுக்குக் குளிருகிறதே. கயிற்றைத் தாண்டினாள். மற்றக் கையுறையையும் கழற்றினாள். "இந்தாக்கா. போட்டுக்கோ." உடையின் தடித்த உள்ளங்கையில் வைத்தாள்.

விரல்கள் மூடிக்கொண்டன.

அவள் கையோடு சேர்த்து.

குளிர். விரலில் தொடங்கியது. முழங்கை. தோள். கழுத்து. கத்த வாய் திறந்தாள். கூடம் பொன் நிறமானது.

இப்போது எல்லாமே வளைந்து, குட்டியாக, தூரத்தில் தெரிந்தன. எதிரே தோன்யாவின் கோட்டும் தொப்பியும் போட்ட ஒருத்தி நின்று, சிவப்புக் கையுறைகளை ஒவ்வொரு விரலாக இழுத்து மாட்டிக்கொண்டிருந்தாள். தொப்பியைச் சற்றுத் தூக்கிப் புருவத் தழும்பைச் சொறிந்துகொண்டாள். அவள் கண்களும் நிறைந்திருந்தன.

"அழாதடி" என்றாள். "என் இடத்துல கொஞ்ச நேரம் நில்லு. வந்துடறேன்."

வாசலில் லிலியா தலை எண்ணும் குரல் கேட்டது. இந்தத் தடவை ஒரே எண்ணிக்கையில் கணக்கு நேராகிவிட்டது. காலையிலிருந்து மண்டையைக் குடைந்த கணக்கு இப்போதுதான் சரியாக வந்தது என்று அவள் சிரித்தாள். எல்லோரும் சிரித்தார்கள். அதில் கிளாவாவின் சிரிப்பும் இருந்தது. பிறகு கதவு. பிறகு பஸ் கிளம்பும் சத்தம்.

உள்ளே நின்றவளால் விரலை அசைக்க முடியவில்லை. ஒவ்வொரு விரலுக்குள்ளும் அக்காவின் தையல் தோலில் நெருடியது. நெருக்கமான, சீரான தையல். பிரிக்க முடியாத தையல்.

கிழவி திரும்பி வந்தாள். உடையைச் சுற்றி ஒரு தடவை பார்த்தாள். பொன் கண்ணாடியில் ஏதோ மங்கலாகப் படிந்திருப்பதைக் கண்டு சால்வை நுனியால் துடைத்தாள். போகவில்லை. இன்னும் அழுத்தித் துடைத்தாள். அழுக்கு உள்பக்கம் போலிருக்கிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, மடித்த வெள்ளைத் துணியை உதறி உடையின் தலையோடு போர்த்திவிட்டு, விளக்கை அணைத்துப் போனாள்.

இருட்டில், வெள்ளைத் துணியில், வாய் இருக்கும் உயரத்தில், உள்ளங்கை அகலத்துக்கு ஈரம் மெல்ல ஊறி வந்தது.