ஒன்பதுக்கு அடுத்த பக்கம்

இன்பத்தின் அப்பா ஜீவரத்தினம் வெளியே போனால் செருப்பை மறப்பார். எழுத உட்கார்ந்தால் சோற்றை மறப்பார். மைக்ரோபிராசசர் என்று யாராவது வாய் திறந்தால் போதும், பேச்சை நிறுத்தவே மறப்பார்.

கம்ப்யூட்டருக்கு மூளை போன்ற சின்னச் சில்லு அது. அதைப் பற்றி எட்டு மாதம் உட்கார்ந்து ஒரு புத்தகம் எழுதினார். இருந்தது ஒரே பிரதி. அதைக் காளிராஜ் அண்ணாச்சியின் அச்சகத்தில் கொடுத்திருந்தார்.

இன்பம் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது காளிராஜ் வாசலில் நின்றார்.

"சார், கடைசி அத்தியாயத்துல ஒம்பதாம் பக்கம் பாதி வரியில நிக்கி. பத்தாம் பக்கத்துல வேற என்னமோ ஓடுது."

"வரிசையா நம்பர் போட்டுத்தானவே குடுத்தேன்!"

அப்பா மேசையைக் குடைந்தார். பாயை உதறினார். அரிசிப் பானையைக்கூடத் திறந்து பார்த்தார். "எழுதுனதெல்லாம் போச்சே" என்று அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

இன்பம் மாடிப்படியைப் பார்த்தாள். தினமும் அப்பாவும் அவளும் எண்ணிக்கொண்டே ஏறுவார்கள். எட்டு, ஒம்பது, ஏ, பி, சி, டி, இ, எஃப், அப்புறம்தான் பத்து. அது கம்ப்யூட்டர் கணக்கு; அதில் ஒன்பதுக்கும் பத்துக்கும் நடுவே ஆறு எழுத்துகள் வரும்.

"அப்பா, பக்கத்துக்கும் படி எண்ணுத மாதிரியே நம்பர் போட்டுட்டீங்களா?"

அப்பா தலையில் அடித்துக்கொண்டார். காளிராஜ் திருதிருவென்று விழித்தார்.

"ஏ, பி, சின்னு போட்ட ஆறு தாளா? உள்ள பூரா மூணு இ, சி ஆறுன்னு கெடந்துச்சே! பாப்பா எழுதிப் பழகுன தாள்னு நெனச்சு, சிவனாண்டி கடலை வண்டிக்குக் குடுத்துட்டேன் சார்."

மூவரும் பேருந்து நிலையத்துக்கு ஓடினார்கள். கடலை வண்டியில் ஐந்து தாள் இருந்தது.

"ஆறாவது இப்பத்தான் பொட்டலமாப் போச்சு. அந்தா, புளியங்குடி பஸ்ஸுல!" என்றார் சிவனாண்டி.

எலுமிச்சம்பழ வியாபாரத்துக்குத் தினமும் வந்துபோகும் மைமூனம்மாள் பஸ்ஸில் ஜன்னலோரம் கடலை கொறித்துக்கொண்டிருந்தார். டிரைவர் ஹாரன் அடித்தார். இன்பம் தன் சாப்பாட்டுத் தூக்குச்சட்டியை ஜன்னலில் நீட்டினாள்.

"பெரியம்மா, கடலைய இதுல போட்டுக்கிட்டு அந்தத் தாளத் தாங்க. எங்கப்பா எழுதுனது!"

"சட்டிய எப்படிம்மா திருப்பித் தர?"

"நாளைக்கு வருவீங்கல்லா? கடலைக்கார அண்ணாச்சிகிட்டக் குடுங்க!"

தாள் கைக்கு வந்தது. பஸ் கிளம்பியது. அப்பா அதைச் சட்டையில் துடைத்துப் பார்த்தார். ஓர் ஓரத்தில் உப்பு. எழுத்து ஒன்றும் அழியவில்லை. "அப்பாடா!" என்று அங்கேயே உட்கார்ந்தார்.

"அப்பா, செருப்பு?" என்றாள் இன்பம். காளிராஜின் காலிலும் செருப்பு இல்லை.

மறுநாள் தூக்குச்சட்டி திரும்பி வந்தது, நிறைய எலுமிச்சம்பழத்தோடு. அப்பா எடுத்து எண்ணினார்.

"ஏழு, எட்டு, ஒம்பது, ஏ..."

"சார், ஒங்களக் கும்பிடுதேன், பத்துன்னே சொல்லுங்க!" என்றார் காளிராஜ்.