சோப்பு ஆலையும் ஒரு சொந்தக் காரணமும்

வெளியே பூட்டு விழுந்த சத்தம் கேட்டதும் அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"ஹலோ! உள்ள ஆள் இருக்கேன்!"

ஓர் ஆண் குரல், அவளைவிடப் பதறிப்போய்... "ஐயய்யோ... உள்ள யாருங்க?"

"பேயா இருந்தா கதவைத் தட்டுமா? திறங்க சார்!"

"திறக்க முடியாதுங்க... கோர்ட் சீல் வெச்சுட்டேன். நீதிபதி அனுமதி இல்லாம உடைச்சா என் வேலை போயிடும்."

அது அவளுடைய அப்பாவின் சோப்பு ஆலை. கடனில் மூழ்கிய கம்பெனியைக் கலைத்துவிட நீதிமன்றம் உத்தரவிட்டிருந்தது. இனி அங்கே ஒரு திருகாணியை விற்பதென்றாலும் நீதிபதி சம்மதிக்க வேண்டும். அந்த விற்பனையை நடத்த நியமிக்கப்பட்ட அதிகாரிதான் வெளியே நின்றவன். அவளோ அங்கே வாசனை கலக்கும் வேலை பார்த்தவள். கடைசியாக ஒருமுறை தன் அறையைப் பார்த்துவிட்டுப் போகலாமென்று யாரிடமும் சொல்லாமல் நுழைந்திருந்தாள்.

அவன் கோர்ட்டுக்குப் போன் செய்தான். பதில் வருவதற்குள் மழை பிடித்துக்கொண்டது. கதவுக்கு மேலிருந்த கம்பிவலை வழியே அவளுக்கு அவன் கண்கள் மட்டும் தெரிந்தன... இமையெல்லாம் மழைத்துளி... துடைக்கக்கூடத் தோன்றாமல் மிரண்டு நிற்கும் கண்கள்.

"நனையறீங்களே... ஓரமாப் போய் நில்லுங்களேன்."

"உங்களைப் பூட்டி வெச்சுட்டு நான் மட்டும் சொகுசா நிக்கறதா?"

கோபப்படத்தான் நினைத்தாள். சிரிப்பு வந்து தொலைத்தது. அனுமதி கிடைத்துக் கதவு திறந்து, முழு முகத்தையும் பார்த்தபோது... அவன் சாவியைக் கீழே நழுவவிட்டான். அவள் குனிந்து எடுத்துக் கொடுத்தாள்.

அதன் பிறகு இயந்திரங்களைக் கணக்கெடுக்க அவன் வரும்போதெல்லாம் அப்பாவின் சார்பில் அவள்தான் கூட நடந்தாள்.

"வந்துட்டாரு சீல் சார்!"

"வணக்கம் சோப்பு மேடம். இன்னிக்கு உள்ள யாரும் ஒளிஞ்சில்லையே?"

நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. ஆலையை வாங்க விரும்பியவர்கள் தந்த விலைகேட்பு உறைகளைப் பிரித்த மறுநாள் அவன் ஆளே மாறிப்போனான். ஏறிட்டுக்கூடப் பார்க்கவில்லை.

"உடம்பு சரியில்லையா?"

"விற்பனை முடியற வரைக்கும் நாம பேச வேண்டாங்க."

கன்னத்தில் அறைந்த மாதிரி இருந்தது. 'போடா... நீயும் உன் சீலும்!' என்று மனசுக்குள் திட்டினாள். ஆனால் கண் ஏன் இப்படிக் கலங்குகிறது?

விற்பனையை உறுதி செய்யும் நாள். கோர்ட்டில் கடைசி பெஞ்சில் அவள் உட்கார்ந்திருந்தாள். முன்வரிசையில் அப்பா. அவன் எழுந்தான்.

"ஐயா, இந்த விற்பனைக்கு அனுமதி தர வேண்டாம்னு கேட்டுக்கறேன். வந்ததுலயே அதிக விலை கேட்டவர் வெறும் முகமூடி. பின்னால இருக்கறது பழைய முதலாளியேதான். வாங்க வந்த மத்தவங்ககிட்ட, பாய்லர் விரிசல் விட்டிருக்குன்னு சொல்லி விலகிப்போக வெச்சிருக்கார். போட்டியில்லாம இப்படி அடிமாட்டு விலைக்குப் போனா தொழிலாளிங்க சம்பள பாக்கிக்கு ஒண்ணும் மிஞ்சாது."

அவள் முன்வரிசையை வெறித்தாள். அப்பாவா?

அப்பா துள்ளி எழுந்தார். "விரிசல் இருக்குங்கய்யா! என் பொண்ணுக்கே தெரியும். சொல்லும்மா!"

மொத்தக் கோர்ட்டும் திரும்பிப் பார்த்தது. ஒரு பக்கம் அப்பாவின் கெஞ்சும் முகம்... இன்னொரு பக்கம், அவளோடு வேலை பார்த்து இன்று வெறுங்கையோடு நிற்பவர்கள்...

"விரிசல் இல்லைங்கய்யா. பாய்லர் நல்லாத்தான் இருக்கு... மன்னிச்சிடுங்கப்பா."

அப்பா பொத்தென்று உட்கார்ந்தார். நீதிபதி அந்த விற்பனையை ரத்து செய்தார். எல்லாரும் அறிய மறு ஏலம் நடத்த உத்தரவிட்டார். முடிந்தது என்று அவள் எழுந்தபோது, அவன் இன்னொரு மனுவை நீட்டினான்.

"மறு ஏலத்தை வேற அதிகாரி நடத்தட்டுங்கய்யா. என்னை விடுவிச்சிடுங்க."

நீதிபதி கண்ணாடியை இறக்கிப் பார்த்தார். "சொந்தக் காரணம்னு மட்டும் எழுதினா எப்படி? என்ன காரணம்?"

அவன் காது சிவந்துவிட்டது. "பழைய முதலாளியோட பொண்ணை... எனக்குப் பிடிச்சுப்போச்சுங்கய்யா. அவங்ககிட்ட நான் எதுவும் சொன்னதில்லை. ஆனா கோர்ட்டுக்கு இதை மறைக்கக் கூடாது."

தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண்ணின் விரல்கள் நின்றன. ஒரு வக்கீல் வாய்பிளந்தார்.

"அந்தப் பொண்ணுக்குத் தெரியுமா?"

"இந்நேரம் தெரிஞ்சிருக்குங்கய்யா... கடைசி பெஞ்சுல இருக்காங்க."

எழுந்து நின்றிருந்தவள் சட்டென்று உட்கார்ந்துகொண்டாள்.

மனு ஏற்கப்பட்டது. வராந்தாவில் அவனை மறித்தாள். "எங்கப்பாவை அத்தனை பேர் முன்னால தலைகுனிய வெச்சுட்டு, அதே வாயால... உங்களுக்கு மனசுன்னு ஒண்ணு இருக்கா? முன்னாடியே என்கிட்ட சொல்லியிருக்கலாமே?"

"சொல்லியிருந்தா, அப்பாவா உண்மையான்னு தினம் தினம் தவிச்சிருப்பீங்க. அந்தத் தவிப்பு என்னோட போகட்டும்னு..." பல நாள் தூங்காத கண்கள்... அப்போதுதான் கவனித்தாள்.

தூணோரம் அப்பா தனியாக நின்றிருந்தார். அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை.

"நான் அப்பாகூடப் போகணும். இன்னிக்கு அவரைத் தனியா விடக் கூடாது."

"போங்க... போங்க."

"கொஞ்ச நாளைக்கு வீட்ல உங்க பேச்சை எடுத்தாலே ரகளைதான். ஆனாலும் அப்பாகிட்ட நான் பேசுவேன்."

"என்னன்னு?"

நாலடி போனவள் திரும்பினாள். கன்னத்தில் கண்ணீர், உதட்டில் சிரிப்பு.

"எனக்கும் உங்களைப் பிடிச்சிருக்குன்னு... அதான் இவ்வளவு கோபம் வருதுன்னு!"

நிறைந்த கோர்ட்டில் தயங்காமல் பேசியவன், ஒரே ஒருத்தியின் பதிலுக்கு "சரிங்கய்யா" என்று உளறினான்.