நான்காவது கோப்பை

மூன்று பேருக்குத் தேநீர் ஊற்ற உட்கார்ந்த அயாத், நான்கு கோப்பைகளை நிரப்பியிருந்தான். கெட்டிலின் மூக்கு நான்காவது கோப்பையில் தட்டிய சத்தத்தில்தான் அது அவனுக்கே உறைத்தது. பதினைந்து வருடமாக சினாய்ப் பாலைவனத்தின் இந்தப் பாறைப் பிளவுகளுக்குள் ஆட்களைக் கூட்டிப் போய்த் திரும்பக் கொண்டுவந்து சேர்க்கிறவன். எத்தனை பேர் உள்ளே வந்தார்கள் என்பதில் மட்டும் அவன் கோட்டை விட்டதே இல்லை. நாற்பது வயதிலேயே கை தன் இஷ்டத்துக்குப் போக ஆரம்பித்துவிட்டதே என்று தன்னைத் தானே நொந்துகொண்டு, அதிகப்படியான தேநீரைத் திரும்பக் கெட்டிலில் ஊற்றப் போனான். அப்போதுதான் எதிர்ப்பாறையின் நிழலில் ஒருவர் உட்கார்ந்திருப்பதைக் கண்டான்.

முழங்காலைக் கட்டிக்கொண்டு, தலைத்துணியை மூக்கு வரை இழுத்துவிட்டு, அசையாமல் உட்கார்ந்திருந்தார். ஒட்டகம் தேடி வந்தவராக இருக்கும். அயாத் யோசிக்கவே இல்லை. நெருப்புக்கு அருகில் வந்தவனுக்குக் கொடுத்துவிட்டு அப்புறம் யோசிக்கிற வம்சம் அவனுடையது.

"வாங்க, வாங்க. இருக்கிறத பகிர்ந்துக்குவோம்" என்று கோப்பையை நீட்டினான்.

நிழலிலிருந்து ஒரு கை வந்து வாங்கிக்கொண்டது. விரல்கள் பட்ட இடம் வெயிலில் கிடந்த எலும்பைத் தொட்டதுபோல் வறண்டிருந்தது.

அன்று காலையில் அவன் கூட்டி வந்தவர்கள் இரண்டே பேர். கெய்ரோவில் பொறியாளராக இருக்கும் ஷெரீஃப், அவர் மனைவி மனால். கூட்டத்தோடு வரப் பிடிக்காமல், தங்களுக்கு மட்டும் ஒரு ஜீப்பும் ஒரு வழிகாட்டியும் வேண்டும் என்று கேட்டு வந்தவர்கள். பிளவின் வாயில் ஜீப்பை நிறுத்திவிட்டு ஒரு மணி நேரம் நடந்து, பாறைகள் சற்றே விலகி நிற்கும் இந்த இடத்துக்கு வந்திருந்தார்கள். இரண்டு பக்கமும் வெள்ளைச் சுவர். மேலே ஒரு முழ அகலத்துக்கு வானம். சாம்பலுக்குள் ரொட்டி வெந்துகொண்டிருந்தது.

"யாரு அவரு?" என்று மனால் தணிந்த குரலில் கேட்டாள்.

"விருந்தாளிம்மா."

"பேரு என்ன?"

"தெரியாது. கேக்கவும் கூடாது. மூணு நாளு சோறு போட்ட பிறகுதான் பேரு, ஊரு எல்லாம் கேப்போம்."

ஷெரீஃப் சிரித்தார். "எங்க ஊர்ல யாருன்னு சொல்லாட்டி கதவையே திறக்க மாட்டோம். நீங்க பரவாயில்ல, திருடனுக்கும் டீ குடுப்பீங்க போல."

"குடிச்சுட்டான்னா அப்புறம் அவன் திருட முடியாதுல்ல சார்" என்றான் அயாத். அவன் அப்பா சொல்லும் பதில் அது. சொல்லிவிட்டுத் தாடியைச் சொறிந்தான். நிழலில் இருந்தவரும் தாடியைச் சொறிந்தார்.

அயாத் சாம்பலைத் தட்டி ரொட்டியை எடுத்தான். நான்காகப் பிய்த்து, உப்புத் தூவி, முதல் துண்டை விருந்தாளிக்குக் கொடுத்தான். அவர் தின்றார். மெல்லும் சத்தம் கேட்கவில்லை. எரிந்த கருவேல விறகின் வாடைக்கும் மலைப்புதினாவின் வாடைக்கும் அடியில் இன்னொரு வாடை மெதுவாக ஏறிவந்தது. வெகுகாலம் மூடிக்கிடந்த கிணற்றைத் திறந்த மாதிரி ஒரு ஈர வாடை. மூன்று வருடமாக மழை விழாத இடம் இது.

அவன் கண் பழக்கதோஷத்தில் மணலுக்குப் போனது. காலடி பார்ப்பதில் அவனை மிஞ்ச அந்தப் பக்கத்தில் ஆள் கிடையாது. போன ஆட்டையும் போன ஆளையும் தடம் பார்த்தே பிடித்துக் கொடுப்பான். பிளவின் வாயிலிருந்து வந்த தடங்கள் மூன்று. ஷெரீஃபின் கனத்த பூட்ஸ், மனாலின் சின்னச் செருப்பு, அவனுடைய டயர்ச் செருப்பு. அவனுடையதில் இடது பக்கம் எப்போதும் லேசாகத்தான் பதியும். ஜீப்பின் ஜாக்கி நழுவி இடதுகால் சுண்டுவிரல் போன நாளிலிருந்து அப்படித்தான்.

நான்காவது தடம் வாயிலிருந்து வரவில்லை. மேல்பக்கத்துக் குறுகலிலிருந்தும் வரவில்லை. சுவரிலிருந்து தொடங்கியது. பாறையை ஒட்டி முதல் காலடி, அப்புறம் இரண்டாவது, மூன்றாவது, அதோடு நிழல். வெறுங்கால். குதிகால் மட்டும் ஆழமாக இறங்கி, முன்பக்கம் விரலே பிரியாமல், மாவில் அகப்பையை வைத்து அழுத்திய மாதிரி.

அப்படி ஒரு தடத்தை அயாத் இதுவரை பார்த்ததில்லை. ஆனாலும் ஒன்றும் செய்வதற்கில்லை. உப்பும் ரொட்டியும் உள்ளே போய்விட்டன. தன் ரொட்டியைத் தின்றவனை எழுந்து போ என்று சொன்னவன் என்ற பெயரோடு அவனால் ஊருக்குள் தலைகாட்ட முடியாது. நண்பகல் லுஹர் தொழுகையை முடித்துவிட்டு உடனே கிளம்பிவிட வேண்டும். சாயங்காலம் வீட்டுக்குப் போய்விட வேண்டும். மகள் நிஃமாவுக்கு நேற்று முன்பல் விழுந்திருந்தது. அதை ஊர் வழக்கப்படி வாப்பாவோடு சேர்ந்து சூரியனைப் பார்த்துத்தான் வீசுவேன் என்று பிடிவாதமாகக் கைக்குள்ளேயே வைத்துக்கொண்டு திரிகிறாள். பொழுது சாய்வதற்குள் வருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்திருந்தான்.

செருப்பைக் கழற்றிவிட்டு, தண்ணீருக்குப் பதில் மணலால் தயம்மும் செய்து, பாறையின் மறுபக்கம் போய்த் தொழுதான். நெற்றி மணலில் பட்டபோது, பக்கத்தில் இன்னொரு நெற்றி மணலைத் தொடும் சத்தம் கேட்டது. தொழுகைக்கு நடுவில் திரும்பிப் பார்க்கக் கூடாது. அவன் பார்க்கவில்லை.

முடித்துவிட்டு வந்தபோது நெருப்பு அணைக்கப்பட்டிருந்தது. அவன் மூடுவது போலவே, மூன்று கை மணல் போட்டு, மேலே ஒரு தட்டைக் கல்லும் வைத்து. கோப்பைகள் இல்லை. பை இல்லை. ஷெரீஃபும் மனாலும் இல்லை.

செருப்பும் இல்லை.

கீழ்ப்பக்கத்து வளைவுக்கு அப்பால் பேச்சுக் குரல் கேட்டது. சுவர்களுக்கு நடுவில் குரல்கள் உருண்டு உருண்டு வந்தன. முதலில் மனாலின் சிரிப்பு. பிறகு ஓர் ஆண் குரல். "முன்பல்லுதாம்மா. கைய விட்டு இறக்க மாட்டேங்குறா. நான் வந்துதான் வீசணுமாம்."

அயாத் பல்லைப் பற்றி அவர்களிடம் வாயே திறக்கவில்லை.

அந்தக் குரல் அவனுக்குத் தெரிந்த குரலாக இருந்தது. ஆனால் யாருடையது என்று பிடிபட நேரமானது. வெளியிலிருந்து அதை அவன் இதுவரை கேட்டதில்லை.

ஓடினான். வெறுங்காலுக்கு அடியில் மணல் கொதித்தது. வளைவுக்குப் பின் வளைவு. அவனுக்கு முன்னால் மூன்று தடங்கள் புதிதாகப் போயின. பூட்ஸ். சின்னச் செருப்பு. டயர்ச் செருப்பு. டயர்ச் செருப்பில் இடது பக்கம் லேசு. அதே நடை. வருகிறவர்கள் பின்தங்கிவிடாமல் அவன் எடுத்துவைக்கும் அதே குறுகலான எட்டு.

"ஷெரீஃப் சார்" என்று கத்தினான். தொண்டையிலிருந்து வெறும் காற்று வந்தது. சரளை சரிவது போல ஒரு சத்தம் மட்டும்.

"என்ன சத்தம்?" என்று முன்னால் மனால் கேட்டாள்.

"கல்லு உருளுதும்மா. பயப்படாதீங்க" என்றது அவன் குரல்.

பிளவின் வாய்க்கு அவன் வந்து சேர்ந்தபோது ஜீப் போய்விட்டிருந்தது. தூசி இன்னும் அடங்கவில்லை.

நெடுஞ்சாலைக்கு நடந்து வர இரண்டு மணி நேரம் ஆனது. வந்ததும் ஒரு லாரி நின்றது. பார்த்ததும் அவனுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. சித்தப்பா மகன் ஈது. சின்ன வயதில் ஒரே தட்டில் தின்று வளர்ந்தவன். ஈது கதவைத் திறந்து, மரியாதையாக ஒதுங்கி இடம் கொடுத்தான்.

"ஏறுங்க. வெறுங்காலோட வந்திருக்கீங்க, ஐயோ பாவம். ரொம்ப தூரமா?"

ஈது, நான்தான்டா. அயாத். சொன்னான். சொன்னதாகத்தான் நினைத்தான்.

"தொண்டை வறண்டு போச்சு போல. இந்தாங்க, தண்ணி." ஈது அவன் முகத்தை நேராகப் பார்த்தான். விளையாட்டு இல்லை. அந்நியரிடம் காட்டும் பணிவுதான் அந்தக் கண்ணில் இருந்தது. "எங்க ஊர்ல இறங்கிக்குங்க. முதல் வீடு எங்க அண்ணன் அயாத் வீடு. வந்தவங்கள வெறும் வயித்தோட அனுப்ப மாட்டான். இப்பதான் என்ன முந்திக்கிட்டு ஜீப்ல வீட்டுக்குப் போனான். கெய்ரோக்காரங்கள ஹோட்டல்ல விட்டுட்டானாம். ஆரன் அடிச்சு நிறுத்தி, ஒரு முத்தம் வேற குடுத்துட்டுப் போறான். என்ன சந்தோஷமோ."

அயாத் தண்ணீரைக் குடித்தான். அது எங்கே போனது என்று தெரியவில்லை. தாகம் அப்படியே இருந்தது. லாரிக்குள் அந்த ஈர வாடை நிறைந்திருந்தது, ஈது பேசிக்கொண்டே தன் பக்கத்துக் கண்ணாடியை இறக்கிவிட்டான்.

வீட்டு வாசலில் அவனை இறக்கிவிட்டு ஈது போனபோது சூரியன் மலை விளிம்பைத் தொட்டிருந்தது. ஜீப் அதன் இடத்தில் நின்றது. கதவு திறந்திருந்தது. வாசலில் அவனுடைய டயர்ச் செருப்புகள், அவன் வைப்பது போலவே, வலது மேல் இடது சாய்ந்து.

உள்ளே மனைவி ஹம்தா எதற்கோ சிரித்தாள். வெகுநாளாக அவன் கேட்காத சிரிப்பு.

நிஃமா வாசலுக்கு ஓடி வந்தாள். கையில் பல் இல்லை. வீசியாகிவிட்டது.

அவன் மண்டியிட்டான். இரண்டு கையையும் நீட்டினான். மகளே. வாப்பாடா. மணல் சரியும் சத்தம்.

குழந்தை அழவில்லை, பின்வாங்கவும் இல்லை. நல்லபடியாக வளர்க்கப்பட்ட குழந்தை. திரும்பி உள்ளே பார்த்துச் சொன்னாள்: "வாப்பா, யாரோ வந்திருக்காங்க."

"வரட்டும்மா" என்றது உள்ளிருந்து அவன் குரல். "டீ கொண்டுபோய்க் குடு. பேரு கேக்கக் கூடாது."

அவள் இரண்டு கையிலும் ஏந்தி ஒரு கோப்பையைக் கொண்டுவந்தாள். பிளவுக்குள் அவன் ஊற்றிய நான்காவது கோப்பை. நீட்டியவள் அவனைப் பார்க்கவில்லை. அவனுக்குப் பின்னால், தரையைப் பார்த்தாள். அவளுக்கும் தடம் பார்க்கச் சொல்லிக் கொடுத்தவன் அவன்தான்.

அவனும் திரும்பிப் பார்த்தான். சாலையிலிருந்து வாசல் வரை, கடைசி வெயிலில், தெளிவாக, ஒரே ஒரு தடம். வெறுங்கால். ஒரு விரல் குறைந்த கால் இல்லை. விரலே பிரியாத கால். குதிகால் மட்டும் ஆழமாக.